ஓட்டுநருடன் பேச வேண்டாம்

அந்த அறிவித்தலைப் பார்த்துத்தான்
இந்த வேலைக்கு விண்ணப்பித்தேன்.
ட்ராம் வண்டிக் கண்ணாடிக் கதவில் வெள்ளை எழுத்து:
ஓட்டுநருடன் பேச வேண்டாம்.
பாசல் நகரமே எனக்காக எழுதி ஒட்டியது போல.

கசடதபற.
ஆறு எழுத்தும் என் தொண்டையில் ஆறு பூட்டு.
மெல்லினத்தில் நடப்பேன், இடையினத்தில் ஓடுவேன்,
வல்லினம் வந்தால்
காற்று மட்டும் வரும்.

பள்ளிக்கூட இடாப்பில் கேதாரகௌரி.
இரண்டு 'க', நடுவில் ஒரு 'த'.
பெற்றவர்கள் விரதத்தை நினைத்தார்கள்,
நாக்கை நினைக்கவில்லை.
இங்கே வந்து இறங்கியதும் மாலா ஆனேன்.
உதடு மூடித் திறந்தால் போதும், மாலா.

கலியாணப் பேச்சு தொலைபேசியில்.
"ம்" என்றேன். "இல்லை" என்றேன். மறுபடியும் "ம்".
அடக்கமான பிள்ளை என்றார்கள்.

யோகராசா நல்லவர்.
நான் தொடங்கும் வசனங்களை
முடித்துத் தருவார், அன்பாகத்தான்,
கடையில், டொக்டரிடம், மகளின் பள்ளிக்கூடத்தில்.
ஒருமுறை எனக்குத் தோள் வலித்தது.
தலைவலிக்கு மருந்தோடு வீடு வந்தோம்.

பணிமனைச் சிற்றுண்டிக் கூடத்தில்
சின்னக் கோப்பையில் சொட்டி இறங்கும் கடுங்கோப்பி.
மணம் படியேறி வரும்.
ஆனால் கேட்க வேண்டுமே.
காஃபே பூட்டு. தேநீரும் பூட்டு.
பாலுக்கு மட்டும் அவர்கள் மொழியில் மெல்லினம்:
மில்ஷ்.
ஒன்பது வருடம் பால் குடித்தேன்.

வண்டியில் நிறுத்தங்களின் பெயரைப்
பதிவுக்குரல் ஒன்று சொல்லும்.
மூச்சே முட்டாத பெண்.
அவள் பேசுவாள், நான் ஓட்டுவேன்.

பெப்ரவரி, வியாழன், மாலை ஆறரை.
வெட்ஸ்டைன் பாலத்தின் நடுவில்
மின்சாரம் போனது.
விளக்குப் போனது, சூடு போனது,
அவளும் போனாள்.
கீழே ரைன் நதி, கறுப்பாக.

கண்ணாடியில் எண்ணினேன்: நாற்பத்தொரு பேர், ஒரு நாய்.
கைபேசி வெளிச்சத்தில் நீல முகங்கள்.
யாரோ கதவை உலுக்கினார்.
வெளியே கார்கள் விரையும் பாதை.
மைக்குக்கு மட்டும் பற்றரியில் உயிர்.
முறைப்படி 'மதிப்புக்குரிய பயணிகளே' என்று தொடங்க வேண்டும்.
அவர்கள் மொழியில் அது 'க'வில் தொடங்கும்.

கெ
கெ கெ
கெ

ஒரு பையன் சிரித்தான்.
வழக்கம்போல வேறு சொல் தேடினேன், மெல்லினமாக.
கிடைத்தது.
ஏனோ எடுக்கவில்லை.

ஆற்றங்கரையில் எங்கோ
பாஸ்நாக்ட் திருவிழாவுக்கு மேளம் பழகினார்கள்.
அந்தக் குளிரில்
ஒரே அடியை ஏழு தரம், எட்டுத் தரம்,
அடுத்த அடிக்குப் போக அவசரமே இல்லாமல்.
திக்குகிறது என்று மேளத்தை யாரும் சொல்வதில்லை.

கெ கெ கெ,
பிறகு மிச்சச் சொல் முழுசாக வந்து விழுந்தது.
மின்சாரம் இல்லை. கதவைத் திறக்காதீர்கள்.
இழுத்துப் போக வண்டி வருகிறது.
நானும் இங்கேதான் இருக்கிறேன்.

பதினைந்து விநாடிச் செய்தி.
நான்கு நிமிடம் பிடித்தது.
நடுவில் ஒரு பெண், பாவம்,
என் சொல்லை முடித்துத் தர வாயெடுத்தாள்.
கையை உயர்த்தினேன், பொறு என்று.
பொறுத்தாள்.
நாய் கொட்டாவி விட்டது.

ரேடியோவில் கட்டுப்பாட்டு அறை:
யார் பேசுவது?
எப்போதும் என் இலக்கத்தைத்தான் சொல்வேன்,
அதில் பூட்டு இல்லை.

கே
கே கே
கேதா

அந்தப் பக்கம் இரைச்சல் மட்டும்.
இருந்தும் தொடர்பை வெட்டவில்லை.
'ர'வில் கொஞ்சம் இளைப்பாறி
'கௌ'வில் மறுபடி ஏறினேன்.

வீட்டில் யோகராசாவுக்குச் சொல்லத் தொடங்கினேன்.
அவர் வாய் திறந்தது.
பிறகு தானாகவே மூடியது.
சோறு ஆறிப்போனது அன்றைக்கு.

அடுத்த நாள் கடுங்கோப்பி கேட்டேன்.
வரிசையில் எனக்குப் பின்னால் ஐந்து பேர்,
கடைசி ஆள் மணிக்கூட்டைப் பார்த்தார்.
கிடைத்தது. குடித்தேன்.

எனக்குக் கோப்பி பிடிக்காது என்று
அப்போதுதான் தெரிந்தது.