எத்தனை விட்ட சகோதரம்

பஸ் நிலையத்துப் பின்மதிலோரம்
செத்துக் கிடந்த புள்ளிமானைச்
செவ்வாய்க் காலை அறுத்தோம்.
இரைப்பையில் நாலு அறை.
முதல் அறையில் ஏழு சொப்பிங் பேக்,
ஒரு லொத்தர்ச் சீட்டு, சுரண்டாதது.
பின்னங்காலைக் கழுவும்போது
கணுக்கால் எலும்பு கையோடு வந்தது.
மேலே ஒரு கப்பி, கீழே ஒரு கப்பி.
எறும்புகளின் கிணற்றுக்குச் செய்ததுபோல் சிறியது.
காற்சட்டைப் பையில் போட்டேன்,
மறந்தேன்.

வெள்ளிக்கிழமை உப்புவெளியில்
நீலத் திமிங்கிலம் ஒதுங்கியது.
நாற்றத்துக்கு முன்னே சனம் வந்தது,
சனத்துக்கு முன்னே நேவி.
வனசீவராசிகள் அலுவலகத்தில்
ஆறு வருடமாய் நான் உதவியாள்;
இவ்வளவு பெரிய உடம்புக்கு
எங்களிடம் கத்தி இல்லை.
கிண்ணியாவிலிருந்து சவாஹிர்
கரைவலைக் கயிறும் ஆட்களுமாய் வந்தார்.

டொக்டர் லக்மாலி வயிற்றைத் திறந்தார்.
அங்கேயும் அறை,
அறைக்குப் பின்னால் அறை.
இடுப்பு இருக்க வேண்டிய இடத்தில்
எதையும் தாங்காமல்,
எதனோடும் மூட்டில்லாமல்,
இறைச்சிக்குள் மிதந்தது ஓர் எலும்பு.
ஒரு காலம் நடந்ததற்கு ரசீது.
கால்கள் இருந்த காலத்துத் திமிங்கிலங்கள்
கல்லாகிக் கிடக்கின்றனவாம் எங்கோ பாலைநிலத்தில்.
அவற்றின் கணுக்காலிலும்
இதே இரட்டைக் கப்பி என்றார்.
அப்போதுதான் பைக்குள் கை போனது.

"எவ்வளவு பெரிய மீன்" என்றார் சவாஹிர்.
மீனில்லை என்றேன்.
"கடல்ல இருக்கிறது மீன்தானே?"
நீங்களும் பாதி நாள் கடலில்தானே என்றேன்.

ஐஸ் பில்லின் பின்பக்கத்தில் ஒரு கோடு இழுத்தேன்.
கோடு பிளந்தது. பிளந்தது மீண்டும் பிளந்தது.
முதல் கவட்டிலேயே சுறா தனியே போனது.
அடுத்ததில் சூரை.
அதற்கு அடுத்ததில் நானும் சவாஹிரும்
டொக்டரும் நேவிக்காரரும்,
எல்லோரும் ஒரே கோட்டில்.
கடைசிக் கவட்டில் இரண்டு பேர்:
கோட்டை வாசலில் மேய்கிற மான்,
இந்த மணலில் கிடக்கிற மலை.
நடுவில் ஒரு நீர்யானையும் உண்டு,
நம்மூரில் இல்லையென்பதால் விட்டுவிட்டேன்.

நுனியில் யாருக்குப் பக்கத்தில் யார்
என்று பார்க்காதீர்கள்.
பந்தியில் பக்கத்து இலைக்காரன் எல்லாம் சொந்தமா?
கோடு வழியே திரும்பி நடந்து
எந்தக் கவட்டில் சந்திக்கிறார்கள் என்று பாருங்கள்.
கவடு கிட்டவென்றால் உறவு கிட்ட.

சவாஹிர் பில்லைப் பார்த்தார்.
சைக்கிளில் தொங்கிய மீன்கோர்வையைப் பார்த்தார்.
கோர்வையைத் தூக்கி ஒரு சுழற்று சுழற்றினார்.
"மீன் இடம் மாறுது.
முடிச்சு மாறல்ல."
கொழும்பில் இரண்டு நாள் பயிற்சியில்
எனக்கு விளங்காதது அது.

"அப்ப சூரை, சுறாவுக்குச் சொந்தமில்ல?"
வாயில் வரும்போது ஒரே வீட்டுப் பெயர்கள் போலத்தான்.
ஆனாலும் சூரைக்குச்
சுறாவைவிட நீங்கள்தான் கிட்ட.
"சொந்தத்தையா கிலோ கணக்கில விக்கிறேன்!"
சிரித்ததில் கயிறு பிடித்திருந்தவர்கள்
பிடியைத் தளர்த்திவிட்டார்கள்.

ஒன்றுவிட்ட, இரண்டுவிட்ட என்று
கலியாண வீட்டில் எண்ணுகிற விரல்கள்
மூன்றாவதில் களைத்துப்போகும்.
இது ஐந்தாறு கோடி வருடம் விட்ட சகோதரம்.

பிறகு அவர் கேட்டார்:
நுனியில் எல்லாம் பேர் எழுதினீங்க,
கவட்டில ஏன் எழுதல்ல?

அங்கே ஒருவர் இருந்தது நிச்சயம்.
யாரென்று சொல்ல
எலும்பு கிடைக்கவில்லை.

அவர் வேறொன்றும் கேட்கவில்லை.
இந்த ஊரில்
அந்த வசனத்துக்கு விளக்கம் தேவையில்லை.
பில்லை நாலாய் மடித்து
சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டார்.
ஐஸ் கொம்பனிக்கு இன்னும்
காசு கட்டவில்லையாம்.

இரவு எட்டரைக்கு பஸ் நிலையத்தில் இறங்கினேன்.
ஆட்டோ ஹோர்னுக்கு அசையாமல்
ஒரு பெண்மான் நடுரோட்டில் நின்றது.
என் கையில் மூன்று சவர்க்காரத்துக்கும் போகாத
திமிங்கில நெய்.
கிட்டப் போனேன்.
மோந்து பார்த்தது.
தெரியாத ஆளைப் பார்ப்பதுபோல் பார்த்துவிட்டு
கொத்துரொட்டி சுற்றிவந்த லஞ்ச் சீட்டை
மெல்லத் தொடங்கியது.

நான் ஒரு நுனியைப் பிடித்து இழுத்தேன்.
அது மறு நுனியை விடவில்லை.