உள்ளளவு

பசையைத் தடவி
கருவியின் மூக்கை இரும்பின் மேல் வைக்கிறேன்.
உள்ளே ஓர் ஒலி போய்
மறுபக்கத்தில் முட்டித் திரும்புகிறது.
ஓர் எண் விழுகிறது.
பழைய வரைபடத்தின் எண்ணிலிருந்து அதைக் கழித்தால்
வருவது கடல் தின்றது.

பதினான்கு வருடமாக இதற்குத்தான் சம்பளம்.
இடுப்பில் கயிறு, காலுக்கடியில் பச்சைத் தண்ணீர்.
ஒருபக்கம் வடகடல், மறுபக்கம் தென்கடல்,
பேச்சுவார்த்தை நின்றுபோன பங்காளிகள் மாதிரி
பாம்பன் தூண்களுக்கிடையே
தோளுரசிக்கொண்டு போகும்.

தூக்குப் பாலத்துக்குக் கீல் கிடையாது.
கதவு மாதிரித் திறக்கும் என்றுதான்
ரயிலில் வருகிறவர்கள் பிள்ளைகளுக்குச் சொல்வார்கள்.
அடி வளைந்திருக்கும், மரக்குதிரையின் காலைப் போல.
மூக்கு மேலே எழ எழ
உடம்பு பின்னால் உருளும்.
வழிவிடுகிறவன் கையை மட்டும் தூக்கினால் போதாது,
நாலடி பின்வைக்கவும் வேண்டும்.

ஓர் ஆற்றுக்காக யோசித்த வடிவம்.
சிகாகோவில், ஒதுங்க இடமில்லாத கரைகளுக்கு நடுவே.
ஆறு இரும்பை நனைக்கும், அவ்வளவுதான்.
அந்த வடிவத்தை இங்கே கொண்டுவந்து
ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினான்கில்
கடலுக்குக் கட்டிக்கொடுத்தார்கள்.
சீர்வரிசை,
வருஷா வருஷம் வாளி வாளியாய் அலுமினியப் பெயிண்ட்.

கப்பல் வரும் நாளில்
இந்தச் சிறகுக்குக் கடற்கரையின் ஆட்கள்,
அந்தச் சிறகுக்கு நூருல் அமீனின் ஆட்கள்.
(கடற்கரை என்பது அவன் பெயர். அப்பா வைத்தது.)
நெம்புகோலை மார்பில் கொடுத்து
செக்குமாட்டு வட்டத்தில் நடப்பார்கள்.
முதலில் தூக்கி முடித்தவர்கள் எதிர்ச் சிறகைப் பார்த்துக் கத்துவது
எந்த விதிப்புத்தகத்திலும் இல்லை.
கத்துவார்கள்.

அறுபத்து நாலு புயலில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும்
இரும்பு கடலுக்குள் போனது,
தூக்குப் பகுதி மட்டும் நின்றது.
ஏன் என்று கேட்டால் கடற்கரை சொல்வான்:
"அதுக்கு வெலகத் தெரியும்ல."
அது பொறியியல் இல்லை.
நான் திருத்தவில்லை.

கச்சான் ஓய்ந்த ஒரு காலை.
இந்தச் சிறகின் அடிக்குறுக்கில் சுத்தியலால் தட்டினேன்.
நல்ல இரும்பு கணீரென்னும்.
இது, வாயில் சோற்றை வைத்துக்கொண்டு பேசுகிறவன் மாதிரி
ஏதோ சொன்னது.
துருவைச் சுரண்டி, பசை தடவி
மூன்றுமுறை வைத்துப் பார்த்தேன்.
மூன்றுமுறையும் அதே எண்.
இங்கே அதைச் சொல்லப்போவதில்லை.
நோட்டில் எழுதினேன்.

முதலில் ரயிலை நடக்கச் சொன்னார்கள்.
பிறகு நிற்கச் சொன்னார்கள்.
வேறு எண்களும் இருந்தன, வேறு நோட்டுகளும்.
ஆனால் மீன்கூடையோடு பஸ்ஸுக்கு நின்ற அருள்சீலி
என்னைத்தான் கேட்டாள்:
"ரெண்டு கோடு கூட்டிப் போட்டா
ஒன் பேனா என்ன தேஞ்சா போயிரும்?"
கூடையில் கருவாட்டு நீர் சொட்டிக்கொண்டிருந்தது.
நான் பஸ் வரும் திசையைப் பார்த்தேன்.

உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்கிறார்கள்.
நூற்றுச் சொச்சம் வருடம் உப்பிட்டது கடல்,
உள்ளளவை எடுத்தவன் நான்.
நினைத்ததா என்று
எந்தக் கருவி சொல்லும்?

பக்கத்தில் புதுப் பாலம்.
அதன் நடுப்பகுதி நேராக மேலே போய்
நேராக இறங்குகிறது,
ஓரடியும் பின்வைப்பதில்லை.
குறையாகச் சொல்லவில்லை. நல்ல எஃகு.
அதற்கு வேறு ஆள், வேறு நோட்டு.

பழையதன் எண்ணை இப்போது யாரும் கேட்பதில்லை.
போன வாரம் சும்மா போனேன்.
பசைக் குழாய் காய்ந்திருந்தது.
விரலில் எச்சில் தொட்டு இரும்பில் தடவி
கருவியை வைத்தேன்.
எண் வந்தது.
கழிக்கவில்லை.