நூற்றுப் பன்னிரண்டாம் பக்கம்

நான் படிக்கும் நாவல்களில்
மழை எப்போதும் கண்ணாடிக்கு வெளியேதான் பெய்யும்.
உள்ளே பட்டையும் வெண்ணெயும் மணக்கும்.
ஏப்ரனில் மாவோடு ஒருத்தி நிற்பாள்,
கதவு மணி கிணுகிணுக்க ஒருவன் நுழைவான்.
நாற்பதாம் பக்கத்தில் சண்டை.
நூற்றுப் பன்னிரண்டில் ஒரு குடைக்குள் இருவர்.
யாருக்கும் வீட்டுக் கடன் கிடையாது.
விற்காமல் மிஞ்சிய ரொட்டி என்று
அந்த ஊர்களில் ஒன்றுமே இல்லை.

தெரிந்த முடிவுதான்.
தெரிந்ததால்தான் படிக்கிறேன்.
பகலெல்லாம் செம்பனை ஆலையின் எடைமேடையில்
லோரி ஏறும், லோரி இறங்கும்;
எவன் குலைக்கு அடியில் மணல் வைத்திருக்கிறான் என்று
சந்தேகப்படுவதற்குத்தான் எனக்குச் சம்பளம்.
இரண்டு லோரிக்கு நடுவே
யாரையும் சந்தேகிக்க வேண்டாத
நாலு பக்கம்.

சுங்காய் பஸ் நிலையத்துக்குப் பின்னால் இருக்கும்
ரொட்டிக்கடைக்குக் கதவே இல்லை,
மணிக்கு எங்கே போவது.
இரும்பு ஷட்டர். கயா பன், தேங்காய்ப்பூ பன்,
தோட்டத்துப் பையன்கள் எஞ்சினை அணைக்காமலே
வாங்கிக்கொண்டு போவார்கள்.
மாலை ஐந்துக்கு மேல் மூன்று பன் இரண்டு வெள்ளி.
அடுப்படியில் நிற்பவர் பெயர் இருதயநாதன்.
நாவலில் இப்படி ஒரு பெயர் வந்திருந்தால்
ரொம்ப ஓவர் என்று மூடி வைத்திருப்பேன்.
நாற்பத்தாறு வயது. முழங்கை வரை தட்டு சுட்ட தழும்பு.
மிச்சச் சில்லறையைக் கையில் தரமாட்டார்,
கண்ணாடிப் பெட்டி மேல் வைப்பார்.

போன வியாழன் புத்தகத்தை அங்கே மறந்துவிட்டேன்.
சனிக்கிழமை பன்னோடு சேர்த்துக் கட்டித் தந்தார்.
ஒன்றும் சொல்லவில்லை.
வீட்டில் பிரித்தால்
ஓரமெல்லாம் பென்சில்.

‘ஈஸ்ட் போட்ட மாவு பத்து நிமிஷத்தில் பொங்காது.’
‘வெண்ணெய் உருகிவிட்டால் இத்தனை அடுக்கு வராது.
இந்தப் பெண்ணுக்கு யார் சொல்லிக்கொடுத்தது?’
‘விடியற்காலை மூன்றுக்கு எழுந்தவள்
சாயங்காலம் இப்படிச் சிரிக்க மாட்டாள்.’
தொண்ணூறாம் பக்கத்தில்,
‘இவன் ஏன் இன்னும் சொல்லவில்லை?’
அதற்குக் கீழே, புதிதாய்ச் சீவிய முனையில்,
‘பயம்.’

நூற்றுப் பன்னிரண்டில் குடை விரிகிறது.
அங்கே திருத்தம் எதுவும் இல்லை.
ஒரு பெருவிரல் அகலத்துக்கு மாவு மட்டும்.
வெகுநேரம் ஊன்றியிருந்த விரல்.

திங்கட்கிழமை ஆலைக்கு எடுத்துப் போனேன்.
என் எடைமேடை இருபது கிலோவுக்குக் கீழே
எதையும் நம்பாது.
லோரி இறங்கிப்போன வெற்று இரும்பின்மேல்
சும்மா ஒரு தரம் வைத்துப் பார்த்தேன்.
பூஜ்யம்.
அடுத்த லோரிக்காரன் ஹாரன் அடித்தான்.

இன்று மறுபடி வியாழன்.
பையில் இன்னொன்று இருக்கிறது:
கேக் கடை, பனி கொட்டும் ஊர், இருநூற்று எட்டுப் பக்கம்.
எந்தத் தட்டின் ஓரத்தில் மறப்பது என்று
காலையிலிருந்து யோசிக்கிறேன்.
பென்சில் ஒன்றையும் சேர்த்து மறந்தால்
தெரிந்துவிடுமோ?