பதினேழு நாள் பேட்டா

தோவான் துக் வி என்று பெயர்.
எங்கள் யூனிட்டில் முதல் நாள் ‘துக்கம்’,
மூன்றாம் நாள் ‘வியம்மா’.

ஜாம்புவானோடை. ஐப்பசி. நட்டுப் பத்து நாளான சம்பா.
லாரியில் என்னோடு வந்தவை
நாலு பெரிய லைட்டு, எட்டு சின்னது,
ஜெனரேட்டர், அதற்கொரு மஜீது.
ஒன்றையும் இறக்கவிடவில்லை.
மழை நின்ற வயலைக் காட்டினாள்:
வானம் முழுக்க அதில் படுத்திருந்தது.
“இவ்வளவு பெரிய தெர்மோகோல் இருக்கிறதே” என்றாளாம்.

முட்டியளவு தண்ணீரில் கேமராவை இறக்கி
நாற்பது எம்.எம். ஒன்றையே மாட்டி
மேகத்துக்குக் காத்திருப்பாள்.
வெயிலடித்தால் பேக்கப்.
மேனேஜர் தலையிலடித்துக்கொண்டார்,
ஊரெல்லாம் மேகம் வந்தால்தானே பேக்கப்!

மஜீது விசாரித்து வைத்திருந்தான்.
கான் தோவாம், அங்கேயும் ஆறு கிளைகிளையாய்ப் பிரியுமாம்.
லேபில் நெகட்டிவ் கழுவி,
லேப் மூடியதும் ஆறு வருஷம் கல்யாண வீடியோ.
அப்புறம் பதினொரு படம்,
இரண்டு பெட்டியை விட்டு வெளியே வரவில்லை.
கல்யாணத்தில்தான் கற்றாளாம்,
லைட்டைக் கண்டதும் மனுஷர்கள்
வேறு முகம் எடுத்து மாட்டிக்கொள்வதை.

நடவுக்கு வந்த தவமணியிடம்
பவுடரோடு போன மேக்கப்மேனை
கையைத் தட்டி அனுப்பினாள்.
மானிட்டரில் அந்தக் கருப்பு
ஈரம் காயாமல் இருந்தது.

எனக்குத்தான் சோறு இறங்கவில்லை.
எரியாத லைட்டுக்குப் பேட்டா.

பதினாறாம் ராத்திரி
“லைட்மேன்!” என்றாள், தமிழ்க்காரி மாதிரி.
ஓடினேன்.
தெற்கே விரல் நீட்டினாள்:
அரை மைலில் இறால் பண்ணை, வரிசையாய் டியூப்லைட்.
அணைக்கணும். நாலு நிமிஷம்.

வரப்பில் வழுக்கிக்கொண்டே போனேன்.
வாட்ச்மேன் குஞ்சுப்பிள்ளை யோசித்தார்.
இருநூறு ரூபாய், ஒரு கட்டு பீடி.
“மோட்டாரைத் தொடாதே, இறால் மூச்சுமுட்டிச் செத்துடும்.”
லைட் மெயினை நானே இறக்கினேன்.

இருபத்தாறு வருஷமாய் நான் விரட்டிய ஒன்று
வரப்பு வரப்பாய் ஏறிவந்து
கால்மாட்டில் நின்றது.
எது தண்ணீர், எது வானம், தெரியவில்லை.
அதற்குள் எங்கோ அவள் கேமரா ஓடிக்கொண்டிருந்தது.
ஒரு தவளையும்.

படம் நம்ம பக்கம் வரவில்லை.
மருமகன் போனில் இறக்கிக் காட்டினான்.
அந்த இடம் வந்ததும்
“மாமா, ஒண்ணுமே தெரியலையே” என்று
பிரைட்னஸைக் கூட்டப் போனான்.
விரலைப் பிடித்துக்கொண்டேன்.
இருடா,
அது நான் போட்டது.