தொண்டை கட்டிய தீர்ப்பு

மீரோ துறைமன்றத்தில் நான் எழுத்தன்.
பேசுவதை எழுதுவது என் வேலை.
எழுத முடியாததைப் பேசுவது
இந்த ஆற்றங்கரை மக்களின் வேலை.

எழுத்து எங்களுடையதல்ல,
கடலோடிகள் விட்டுப்போனது.
அவர்கள் பேச்சில் மேடு பள்ளம் கிடையாது,
அலை தடவிய மணல்.
அதனால் 'லௌ' என்று எழுதினால் லௌ, அவ்வளவுதான்.
வாய் அதை எந்தப் படியில் நிறுத்தியது என்று
தாளுக்குத் தெரியாது.

மேலாற்றுத் துவேய் மொழியில் ஐந்து படிகள்.
உச்சியில் நின்றால் லௌ உப்பு.
வழுக்கி இறங்கினால் கடன்.
அடியில் படுத்துக் கிடந்தால் கொடை,
திரும்பக் கேட்கக் கூடாதது.
நடுவில் ஒரு கணம் தொண்டை அடைத்துத் திறந்தால்
கணவனின் அக்காள்
(அவளைக் கூப்பிடும்போது மட்டும் யாரும் தவறுவதில்லை).
ஐந்தாவதை நான் கேட்டதே இல்லை.
ஆற்றில் பனிக்கட்டி உடையும் மாதத்தில்தான்
சொல்வார்களாம்.

கீழாற்றுக் கேம் மொழியில், என் மொழியில்,
படிகள் இரண்டாகத் தேய்ந்துவிட்டன.
கடனும் கொடையும் ஒரே படியில்
தோளோடு தோள் உரச நிற்கின்றன.
எது எதுவென்று
கொடுப்பவன் முகத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்வோம்.

வழக்கு இது:
ஓஸ்கேன் என்ற கீழாற்றுப் படகுக்காரன்
பதினொரு மூட்டை உப்பை
நுயேவா வீட்டு வாசலில் இறக்கிவிட்டு
'லௌ' என்றான்.
மழை. எதிர்க்காற்று. முகத்தில் முக்காடு வேறு.
அவள் அத்தனையும் மீனுக்குப் போட்டுத் தீர்த்தாள்.
வசந்தத்தில் அவன் கையை நீட்டிக்கொண்டு வந்தான்.

"அன்று சொன்னபடியே சொல்" என்றது மன்றம்.
சொன்னான்.
"இதேதான்" என்றாள் அவள், "அடியில்தானே கிடக்கிறது!"
"இதேதான்" என்றான் அவன், "இறங்குவது கேட்கவில்லையா?"
நான் எழுதினேன்: லௌ. லௌ. லௌ.

முன்பு எல்லாம் ஒரே மொழியாம்.
சொல்லின் கடைசியில் ஒரு மெய் நின்றதாம்.
மெய் செத்தது.
கால் பிடுங்கிய பந்தல்போல
ஒரு கரையில் உயிர் தொய்ந்தது,
மறு கரையில் துள்ளி எழுந்தது.
நாங்கள் பாடுகிறோம் என்று நினைக்கும் வெளியூர்க்காரன்
கேட்பதெல்லாம்
செத்த மெய்களின் நிழல் நீளம்.

ஆகவே இப்பா தீவிலிருந்து ஒருவனை வரவழைத்தார்கள்.
அங்கே மெய்கள் இன்னும் சாகவில்லை,
பேச்சு கொட்டை உடைப்பதுபோல் இருக்கும்.
தக்ரிஸ்க் என்று பெயர்.
சாட்சிக்கூலியை முதலில் எண்ணி வாங்கிக்கொண்டு சொன்னான்:
"எங்களிடம் லௌஸ்க் ஒன்றுதான்.
கொடுத்தது, வரவேண்டியது, ரெண்டும் அதுவே.
பிரித்துக்கொண்டது நீங்கள்."
மன்றம் சிரித்தது.
நுயேவா சிரிக்கவில்லை. ஓஸ்கேனும்.

தீர்ப்பு நாளில் நீதிபதிக்குத் தொண்டை கட்டியிருந்தது.
மூச்சு வந்தது, குரல் வரவில்லை.
குசுகுசுப்புக்குப் படிகள் கிடையாது,
எங்கள் குடும்பத்து மொழிகள் எல்லாவற்றிலும்
அது ஒன்றே சமவெளி.
"லௌ லௌ" என்று காற்றாய்ச் சொல்லிவிட்டு
வெந்நீர் கேட்டு உள்ளே போய்விட்டார்.
எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.
மை தொட்டு, கேட்டது கேட்டபடி எழுதினேன்.
ஆளுக்கொரு நகல் வாங்கிக்கொண்டு
இருவரும் வென்ற நடையில் போனார்கள்.

இலையுதிர்காலத்தில் ஓஸ்கேன் வீட்டுக்கு
நான்கு கூடை கருவாடு வந்ததாகக் கேள்வி.
கூடவே என்ன சொல் வந்தது என்று விசாரித்தேன்.
கொண்டுவந்த பையனுக்கு நினைவில்லை.

என் மனைவி இல்சுவே மேலாற்றுக்காரி.
பிள்ளை தூங்கியபின் மூச்சில்தான் பேசிக்கொள்வோம்.
நேற்று இருட்டில் "லௌ" என்றாள்.
குழம்பில் உப்பைச் சொன்னாளா,
நான் பட்டிருப்பதைச் சொன்னாளா,
நாளை வரப்போகும் என் அக்காளையா?
ஜன்னலுக்கு வெளியே, தொலைவில்,
ஆற்றின் பனிக்கட்டி
முதல் விரிசல் விட்டது.

"ஆமாம்" என்றேன்.