இடவலம்

முதுகில் ஒட்டிய பெயர் பொய்.
எட்டு கோர் என்பதும் பொய்.
நகத்தால் ஓரத்தை நெம்பித் திறந்தால்
பச்சைப் பலகையின் மூலையில்
எறும்பளவு எழுத்தில் ஓர் எண், ஒரு தேதி.
நான் நம்புவது அதை மட்டும்தான்.
சிப்பின் தலையைக்கூடச் சிலர் தேய்த்துவிடுகிறார்கள்.

சேலம் பழைய பஸ் ஸ்டாண்டு எதிரே மாடியில் என் கடை.
கீழே தட்டுவடை செட்டுக்குப் பீட்ரூட் துருவும் சத்தம்.
வெள்ளக்கடையிலிருந்து பிலோமினா வந்திருந்தாள்.
எஸ்டேட்டில் காப்பிப் பழம் நிறுத்து
ஆளுக்கு நேரே கிலோ ஏற்றுகிற வேலை.
"கம்பெனிப் படத்தோட நின்னுக்குதுங்க.
மூணு நாளா அதையேதான் காட்டுது."

வால்யூமை அழுத்திப் பிடித்து
கேபிளைச் செருகி
பவர் பொத்தானைப் பத்துத் தடவை தட்டவேண்டும்,
விடாமல், நிதானமாக.
பெயர் தெரியாத ஏதோ ஒன்று வந்திருப்பதாகக்
கம்ப்யூட்டர் சொன்னது.

முதலில் ஒரு நகல்.
உள்ளது உள்ளபடி, கெட்டது கெட்டபடி.
நகலெடுக்காமல் அழித்து
ஒரு வாத்தியார் மகளின் கல்யாணப் படங்களைத்
தொலைத்தவள் நான்.

அதே எண்ணுக்கு மூன்று பைல் கிடைத்தது.
முதலாவதில் திரை வெள்ளை வேட்டி.
இரண்டாவதில் உலகம் தலைகீழ்.
மூன்றாவது
எண்பத்தேழு சதத்தில் வெகுநேரம் யோசித்துவிட்டு
எழுந்துகொண்டது.
தொட்ட இடத்தில் தொட்டது.
நானூறு ரூபாய்.

வியாழக்கிழமை மறுபடி அவள்.
"என்ன பண்ணுனீங்க?
ராசாக்கண்ணு மூட்டை நாப்பத்திரெண்டு கிலோ
சின்னதங்கம் பேர்ல ஏறிக்கிச்சு.
களத்துல ஒரே சண்டை."

வாங்கித் தொட்டுப் பார்த்தேன். சரியாகத்தான் இருக்கிறது.
"சரியா இருக்குறதுதாங்க தப்பு" என்றாள்.
"இடதுல தொட்டா வலதுல விழும், எப்பவும்.
ரெண்டு வருசமா அப்படித்தான்.
கை பழகிக்கிச்சு. நான் பாக்குறதுகூட இல்ல,
கண்ணு தராசுலதான் இருக்கும்."

நகலைத் திறந்தேன்.
அமைப்பு எழுதிய பக்கத்தில்,
தொடுதிரைக்கான வரிகளில்,
ஒன்று இருக்கவேண்டிய இடத்தில் சுழி.
எனக்கு முன்னால் எவனோ
அவசரத்தில் வேறெந்த டேப்லெட்டின் பைலையோ ஏற்றிவிட்டு
கூலியும் வாங்கிக்கொண்டிருக்கிறான்.
அவன் விட்ட தப்பின்மேல்
இவள் இரண்டு அறுவடை நிறுத்திருக்கிறாள்,
ஒரு கிலோ பிசகாமல்.

பழக்கிக்கொள்ளலாமே என்று சொல்ல வாயெடுத்தேன்.
இருபது கொண்டை ஊசி ஏறிப் போகிறவளிடம்
எது இடம், எது வலம்?
போகையில் இந்தப்பக்கம் இருந்த பாறை
வருகையில் அந்தப்பக்கம்.

என் பைலில் அந்த ஒன்றை அழித்து
சுழி போட்டேன்.
மறுபடி கட்டி, மறுபடி ஏற்றி,
மறுபடி எண்பத்தேழில் அது யோசித்து…

அவள் திரையைப் பார்க்காமலே
ஜன்னல் வழியே பஸ்ஸைப் பார்த்தபடி
விரலால் நாலு தட்டு தட்டினாள்.
"ம், இப்ப வந்துருச்சு."

காசு வேண்டாம் என்றேன்.
மேசையில் ஒரு பொட்டலம் மிளகை வைத்துவிட்டு இறங்கினாள்.

பைலுக்குப் 'பிலோமினா' என்று பெயரிட்டேன்.
பக்கத்திலேயே, பிறகு வரும் என் கைக்காக:
திருத்தாதே.