கதவு, ஒன்று

மூன்றாம் மாடிக்குக் கதவோடு ஏறி வந்தார்கள்.
லிஃப்டுக்குள் கொள்ளவில்லை.
முன்னால் உம்மு பரீஹா, பின்னால் த்ரீவீலர்க்காரன்,
நடுவில் நீல எனாமல் உரிந்த பலாப்பலகை,
கீல்கள் இரண்டும் அதிலேயே தொங்க.

நட்டஈட்டு விசாரணை, இலக்கம் நாற்பத்தேழு.
கிராண்ட்பாஸ். மூன்று தசம் இரண்டு பேர்ச்.
அவர் தமிழைச் சிங்களமாக்குவதும்
அதிகாரியின் சிங்களத்தைத் தமிழாக்குவதும் என் வேலை.
இடையில் எனக்கென்று ஒரு சொல்லும் கிடையாது,
மாதச் சம்பளம் உண்டு.

கட்டடத்துக்கு மதிப்புப் போட்டாயிற்று.
அப்பக்கடையின் வருமான இழப்புக்கு
மூன்று வருடக் கணக்கு வேண்டும் என்றார் அதிகாரி.
சொன்னேன்.
பரீஹா கதவைத் திருப்பிச் சுவரில் சாய்த்தார்.

உள்பக்கம் முழுக்கச் சோக்கு.
நாலு கோட்டுக்கு ஒரு குறுக்குவெட்டு,
அழித்த இடத்தில் மேகம் மாதிரி வெள்ளை,
அதன்மேல் திரும்பவும் கோடுகள்.
"வாசிங்க மிஸ்."

வாசித்தேன்.
மீன் லொறி சிறிபால, முட்டை அப்பம் ஒன்பது.
பள்ளி மோதினார், பால் அப்பம் இரண்டு.
கண்ணாடிக்கடைப் பொடியன், சீனிசம்பல் பணிஸ் ஏழு, பிறகு தருவான்.
"பிறகு தருவான்" என்பதை நான் சிங்களத்தில் சொன்னபோது
அதிகாரி பேனையை மூடி வைத்தார்.

கடைசி வரி:
தொப்பிக்காரர், பிளேன்டீ பதினொன்று.
"அது யார்?"
"றோட்டுக்கு அளக்க வந்தாரே, அவர்தான்.
எங்கட வாசல்லதான் முக்காலிய வெச்ச.
மழைக்கு உள்ளுக்கு வந்து குடிச்ச."

மேசையின் ஓரத்தில் நில அளவையாளர்
வரைபடத்தை இன்னும் கிட்டப் பார்த்தார்.
அவர் கதிரையின் முதுகில் சிவப்பாக ஒன்று தொங்கியது.
மொழிபெயர்த்தாயா என்று என்னிடம் கேட்காதீர்கள்.
தொப்பிக்குச் சிங்களத்தில் தொப்பிய.

அதிகாரி கெட்டவரில்லை.
கதவைப் படம் எடுத்துக் கோப்பில் போடலாமா என்றுகூட
ஒரு நிமிடம் யோசித்தார்.
தாள்களைப் புரட்டியபோது விரல் ஓரிடத்தில் நின்றது.
சுவர், தகரக் கூரை, ஜன்னல் இரண்டு, கதவு ஒன்று.
"இது மதிப்பிட்ட கதவு.
வர்த்தமானி வந்த நாளிலிருந்து அரசாங்கத்துடையது.
கழற்றியதே பிழை. கொண்டுபோய்ப் பூட்டச் சொல்லுங்கள்."

கொஞ்சம் மெதுவாக்கித்தான் சொன்னேன்.
பரீஹா என்னைப் பார்க்கவில்லை, அதிகாரியைப் பார்த்தார்.
"கதவு அரசாங்கத்துடேண்டா
அதுல ஈக்கிற கடனையும் அரசாங்கந்தானே
ஊடு ஊடா போய் வாங்கணும்?"
இதை ஒரு சொல் விடாமல் மொழிபெயர்த்தேன்.
பதினாறு வருடச் சேவையில்
இவ்வளவு சுத்தமாக நான் மொழிபெயர்த்ததில்லை.
யாரோ இருமினார்கள்.
அடுத்த தவணை, ஆவணி இருபத்திரண்டு.

கீழே மழை பிடித்திருந்தது.
த்ரீவீலர்க் கூரையில் வைத்துக் கட்டும்போது
எழுத்து உள்பக்கமாக இருக்கட்டும் என்றேன்.
"கரைஞ்சா கரையட்டும் மிஸ், எனக்கு மனப்பாடம்."
அப்போது படியிறங்கி வந்தார் அளவையாளர்,
வெறுந்தலையோடு, ஐந்நூறு ரூபாய்த் தாளோடு.
ஒன்றும் பேசவில்லை.
பரீஹா பையைத் துழாவி
மிச்சம் நூற்றெழுபதை எண்ணிக் கொடுத்தார்.
கயிற்றைத் தளர்த்திக் கதவைச் சரித்து
முக்காட்டு நுனியால் பதினொரு கோட்டையும் துடைத்தார்.
அந்தக் கட்டடத்தில் அந்த வருடம்
நான் கண்ணால் கண்ட ஒரே கொடுப்பனவு.

"வீட்டில் இப்போது கதவுக்கு என்ன?"
கேட்டது நான்தான். யாருக்கும் மொழிபெயர்க்க இல்லை.
"அலுமாரிய இழுத்து வெச்சீக்கி.
மவள் உள்ளுக்கு.
தட்டுறதெண்டா கண்ணாடில தட்டணும்."

மேலிருந்து நாற்பத்தெட்டைக் கூப்பிட்டார்கள்.